பணியிடம் ரத்து என்று பணியை விட்டு நீக்கினால்: ஆசிரியர்களுக்கான வழக்கு வழிகாட்டி

உங்கள் பணியிடம் ரத்து செய்யப்படுகிறது, ஆகவே உங்கள் பணி முடிவுக்கு வருகிறது என்ற ஆணை கைக்கு வந்ததும் பெரும்பாலான ஆசிரியர்கள் இரண்டில் ஒன்றைச் செய்கிறார்கள். அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கி வாய்மொழியாக முறையிடுகிறார்கள். அல்லது சங்கப் பொறுப்பாளர்கள் பேசி முடித்துவிடுவார்கள் என்று காத்திருக்கிறார்கள். இரண்டிலும் வீணாவது முதல் சில வாரங்கள். வழக்கின் பலம் அந்த வாரங்களில் நீங்கள் திரட்டும் தாள்களில்தான் இருக்கிறது.

தென் மாவட்டம் ஒன்றில் அரசு உதவி பெறும் பள்ளியில் பட்டதாரி ஆசிரியராக இருந்த நான் உபரி, அதாவது மாணவர் எண்ணிக்கைக்குத் தேவையானதைவிடக் கூடுதல், என்று காட்டப்பட்டு நீக்கப்பட்டேன். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை வழியாகவே மீண்டும் பணிக்குத் திரும்பினேன். நான் வழக்கறிஞர் அல்லன். வழக்கறிஞரிடம் போவதற்கு முன்பும் போன பின்பும் ஓர் ஆசிரியர் தானே செய்துகொள்ள வேண்டியவற்றை, அவற்றைச் சொல்ல ஆளில்லாமல் தவிப்பவர்களுக்காக இங்கே வரிசைப்படுத்தி எழுதுகிறேன்.

1. கையில் இருப்பது எந்த வகை ஆணை என்று பாருங்கள்

"போஸ்ட் போய்விட்டது" என்று பொதுவாகச் சொன்னாலும் ஆணைகள் ஒரே வகை அல்ல. ஒவ்வொன்றுக்கும் எதிர்கொள்ளும் வழி வேறு.

முதல் வகை பணிநிரவல். உங்கள் பள்ளியில் பணியிடம் உபரி, ஆகவே வேறு பள்ளிக்குப் போங்கள் என்பது அதன் பொருள். இது நீக்கம் அல்ல. ஆணை தவறானது என்று நீங்கள் உறுதியாக நம்பினாலும், நீதிமன்றத் தடை கிடைக்காத நிலையில், குறித்த நாளில் புதிய பள்ளியில் சேர்ந்துவிடுங்கள். சேரும் அறிக்கையிலேயே "என் உரிமைகளுக்குப் பாதகமின்றி, ஆட்சேபணையுடன் பணியேற்கிறேன்" என்று ஒரு வரி எழுதுங்கள். சேராமல் வீட்டில் இருந்தால் அனுமதியின்றிப் பணிக்கு வராதவர் ஆகிவிடுவீர்கள். அரசுப் பள்ளி ஆசிரியர் என்றால், பெரிய தண்டனைக்கு வழிவகுக்கும் 17(ஆ) ஒழுங்கு விதியின்படி குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்து சேரும். வெல்லக்கூடிய வழக்கு ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு ஒழுங்கு நடவடிக்கையில் சிக்கிக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

இரண்டாவது வகை, உதவி பெறும் பள்ளிகளில் நடப்பது. மாணவர் எண்ணிக்கையை வைத்துப் பள்ளிக்கு எத்தனை ஆசிரியர் என்று துறை கணக்கிடும் பணியாளர் நிர்ணயத்தில் பணியிடம் உபரி என்று வந்ததும் அதற்கான ஊதிய மானியம் நிறுத்தப்படும். பள்ளிச் செயலர் உங்களை விடுவித்து ஓர் ஆணை கொடுப்பார். கேட்டால், மானியம் வரவில்லை, நாங்கள் என்ன செய்வது என்று நிர்வாகம் சொல்லும். நாங்கள் யாரையும் நீக்கச் சொல்லவில்லை என்று கல்வி அலுவலகம் சொல்லும். இந்தப் பந்தாட்டத்தை உடைக்க ஒரே வழி, இரு தரப்புக்கும் தனித்தனியே எழுத்தில் கேள்வி அனுப்பி, பதிலையோ பதிலின்மையையோ ஆவணமாக்கிக்கொள்வது.

மூன்றாவது வகை, தற்காலிகப் பணியிடங்களுக்கு உரியது. அரசாணையால் குறிப்பிட்ட காலத்துக்கு உருவாக்கப்பட்ட இடங்கள், தொடர் நீட்டிப்பு ஆணை வரும்வரைதான் உயிரோடு இருக்கும். நீட்டிப்பு வராவிட்டால் ஊதியம் நிற்கும். ஆனால் நீக்க ஆணை என்று ஒரு தாளே உங்களிடம் இருக்காது. அப்படியானால் எந்த ஆணையை எதிர்ப்பது என்ற சிக்கல் எழும். நீட்டிப்பு ஏன் வழங்கப்படவில்லை என்று துறைக்கு எழுதிப் பதில் பெறுவதே இவர்களுக்கு முதல் வேலை.

வாய்மொழியாக "நாளை முதல் வர வேண்டாம்" என்றால் அன்றே தலைமை ஆசிரியருக்கும் செயலருக்கும் கடிதம் எழுதுங்கள். பணிக்கு வந்தேன், கையொப்பமிட அனுமதிக்கப்படவில்லை, பணியாற்ற ஆயத்தமாக இருக்கிறேன் என்ற மூன்று செய்திகளும் அதில் இருக்க வேண்டும். நீங்களாகவே வேலையை விட்டுவிட்டீர்கள் என்று பின்னாளில் எழும் வாதத்துக்கு அந்தக் கடிதம்தான் பதில்.

2. நீதிமன்றம் எதைக் கேட்கும், எதைக் கேட்காது

இதை முதலிலேயே புரிந்துகொள்ளாவிட்டால் மனு முழுக்க வருத்தமும் சேவைப் பட்டியலுமாக நிரம்பிவிடும்.

ஒரு பணியிடம் வேண்டுமா வேண்டாமா என்பது அரசின் கொள்கை முடிவு. அதில் நீதிமன்றம் எளிதில் தலையிடாது. அரசமைப்புச் சட்டத்தின் 311(2)ஆவது பிரிவு, விசாரணையின்றி அரசு ஊழியரைப் பணிநீக்கம் செய்யக் கூடாது என்கிறது. ஆனால் பணியிடத்தையே ஒழிப்பது தண்டனை ஆகாது, ஆகவே அந்தப் பிரிவு பொருந்தாது என்று ராமநாத பிள்ளை எதிர் கேரள அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் 1973இல் கூறியது. தமிழ்நாட்டில் கர்ணம், மணியம் உள்ளிட்ட பகுதிநேரக் கிராம அலுவலர் பதவிகள் ஒழிக்கப்பட்டதை எதிர்த்த கே. ராஜேந்திரன் வழக்கிலும் 1982இல் அரசின் அதிகாரம் உறுதி செய்யப்பட்டது. எனவே "விசாரணை இல்லாமல் நீக்கிவிட்டார்கள்" என்ற ஒரே வாதத்தை நம்பி நீதிமன்றம் போனால், இந்தத் தீர்ப்புகளை எதிர்த் தரப்பு எடுத்து வைக்கும். அதோடு வாதம் முடிந்துவிடும்.

ஆனால் அதே தீர்ப்புகள் ஒரு வாசலைத் திறந்தே வைத்திருக்கின்றன. பணியிட ஒழிப்பு நல்லெண்ணத்தோடு செய்யப்பட்டதாக இருக்க வேண்டும். ஒருவரை வெளியேற்றுவதற்கான போர்வையாக இருக்கக் கூடாது. நடைமுறையில் அந்த வாசல் ஐந்து கேள்விகளாக விரிகிறது. பணியிடம் உண்மையிலேயே ஒழிந்ததா, அல்லது அதே பாடத்தை வேறு பெயரில் வேறொருவர் நடத்துகிறாரா? ஒழித்தவருக்கு அதற்கான அதிகாரம் இருந்ததா? உபரி என்று காட்டிய கணக்கு சரியா? உபரி உண்மையே என்றாலும் வெளியேற வேண்டியவர் நீங்கள்தானா, உங்களைவிட இளையவர் தொடர்கிறாரா? காலியிடங்கள் இருந்தும் அவற்றில் அமர்த்தி உங்களை உட்கிரகிக்கும் வாய்ப்பு பரிசீலிக்கப்படாமல் விடப்பட்டதா?

உங்கள் வழக்கு இந்த ஐந்தில் ஒன்றிலாவது ஆவணத்தோடு நிற்க வேண்டும். இரண்டில் நின்றால் நல்ல வழக்கு. எதிலும் நிற்காத வழக்குக்காகக் கடன் வாங்கிச் செலவு செய்யாதீர்கள் என்பது என் உறுதியான கருத்து.

ஒப்பந்த, தொகுப்பூதிய ஆசிரியர்களின் நிலை இன்னும் கடினமானது. 2006இல் வந்த உமாதேவி தீர்ப்புக்குப் பிறகு, முறையான தேர்வின்றிப் பணியில் சேர்ந்தவர்கள் நிரந்தரம் கோருவது எளிதல்ல. எனினும் ஒரு தற்காலிக ஊழியரை நீக்கிவிட்டு அந்த இடத்தில் இன்னொரு தற்காலிக ஊழியரை அமர்த்தக் கூடாது என்று 1992ஆம் ஆண்டின் பியாரா சிங் தீர்ப்பு சொல்கிறது. ஆண்டுக்கணக்கில் நிரந்தரத் தன்மையுள்ள வேலையை வாங்கிக்கொண்டு தற்காலிகம் என்ற பெயரைக் காட்டிக் கைவிடுவதை, 2024 டிசம்பரில் வந்த ஜக்கோ தீர்ப்பு கண்டிக்கிறது. உங்கள் இடத்தில் புதிதாக யாரை எந்தப் பெயரில் எடுத்தார்கள் என்பதற்கான ஆதாரமே உங்களுக்கு உயிர்நாடி.

3. முதல் வாரத்திலேயே திரட்ட வேண்டிய ஆவணங்கள்

பள்ளிக்குள் நுழையும் உரிமை இருக்கும்போதே இவற்றின் நகல்களை எடுத்துக்கொள்ளுங்கள். விடுவிக்கப்பட்ட பிறகு பணிப்பதிவேட்டின் ஒரு பக்கத்தை வாங்குவதுகூடப் பெரும்பாடு.

உங்களைப் பற்றியவை: நியமன ஆணை, உதவி பெறும் பள்ளி என்றால் கல்வித் துறையின் நியமன ஒப்புதல் ஆணை, பணிவரன்முறை ஆணை, தகுதிகாண் பருவம் நிறைவு செய்த ஆணை, பணிப்பதிவேட்டின் எல்லாப் பக்கங்களும், கடைசி ஊதியச் சான்று, கல்விச் சான்றுகள். ஆசிரியர் தகுதித் தேர்வுச் சான்று இருந்தால் அதையும் முன்னால் வையுங்கள். பணியில் உள்ள ஆசிரியர்களுக்கும் அந்தத் தேர்ச்சி தேவை என்று 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு, உபரி வழக்கிலும் எதிர்த் தரப்பு இதைக் கிளப்ப இடமிருக்கிறது.

பணியிடத்தைப் பற்றியவை: பணியிடத்தை உருவாக்கிய அரசாணை அல்லது செயல்முறை ஆணை, தொடர் நீட்டிப்பு ஆணைகள், கடந்த சில ஆண்டுகளின் பணியாளர் நிர்ணய ஆணைகள், ஆகஸ்ட் 1 நிலவரப்படியான மாணவர் எண்ணிக்கை விவரம், எமிஸ் என்னும் கல்வித் துறை மாணவர் தகவல் தளத்தில் உள்ள வகுப்புவாரி எண்ணிக்கை, வருகைப் பதிவேட்டின் அந்த மாதப் பக்கங்கள், பாடவாரியான ஆசிரியர் முதுநிலை (பணிமூப்பு) பட்டியல், பள்ளிக் கால அட்டவணை.

கால அட்டவணையைப் பலர் விட்டுவிடுகிறார்கள். உங்களை நீக்கிய பிறகு உங்கள் பாடவேளைகள் யாருக்குப் போயின என்பதை அதைவிடத் தெளிவாகக் காட்டும் தாள் வேறில்லை. நீக்கத்துக்கு முந்தைய அட்டவணை ஒன்றும் பிந்தைய அட்டவணை ஒன்றும் வேண்டும்.

நீக்க ஆணை அஞ்சலில் வந்திருந்தால் உறையைத் தூக்கிப் போடாதீர்கள். ஆணையில் போட்டிருக்கும் தேதி ஒன்று, உங்களிடம் சேர்ந்த தேதி வேறொன்றாக இருக்கும். காலக்கெடு பற்றிய வாதத்தில் அஞ்சல் முத்திரை உங்களுக்குத் துணை நிற்கும். நேரில் கொடுத்தால், பெற்ற தேதியையும் "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்" என்பதையும் எழுதிக் கையொப்பமிடுங்கள்.

இந்த நேரத்தில் எதில் கையெழுத்திடக் கூடாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். கணக்கு முடித்துப் பணம் தருகிறோம், பணியிட ஒழிப்புக்கான இழப்பீட்டு ஓய்வூதிய விருப்பக் கடிதம் கொடுங்கள், இனி எந்தக் கோரிக்கையும் இல்லை என்று எழுதிக் கொடுங்கள் என்று தாள்கள் நீட்டப்படலாம். வழக்கறிஞர் பார்க்காமல் எதிலும் கையெழுத்திடாதீர்கள். பணம் உடனே தேவை என்றால், வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டுப் பெற்றுக்கொள்கிறேன் என்று எழுதிப் பெறலாம்.

4. கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள்

உபரி என்ற சொல்லுக்குப் பின்னால் இருப்பது ஓர் எளிய கூட்டல் கழித்தல். அதை வழக்கறிஞர் செய்ய மாட்டார். அவருக்குப் பள்ளி தெரியாது.

கல்வி உரிமைச் சட்டம் 2009இன் அட்டவணைப்படி, ஒன்று முதல் ஐந்தாம் வகுப்பு வரை 60 மாணவர் வரை இரண்டு ஆசிரியர்கள், 61 முதல் 90 வரை மூவர், 91 முதல் 120 வரை நால்வர், 121 முதல் 200 வரை ஐவர். 150க்கு மேல் போனால் தலைமை ஆசிரியர் தனி. ஆறு முதல் எட்டாம் வகுப்பு வரை வகுப்புக்கு ஓர் ஆசிரியராவது இருக்க வேண்டும். அறிவியலும் கணிதமும், சமூக அறிவியல், மொழிகள் ஆகிய மூன்றுக்கும் தனித்தனி ஆசிரியர் வேண்டும். 35 மாணவருக்கு ஒருவர் என்ற விகிதமும் உண்டு. சிறுபான்மையினர் நடத்தும் பள்ளிகளுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது என்பது 2014ஆம் ஆண்டு பிரமாதி தீர்ப்பின் நிலை. தமிழ்நாட்டில் பணியாளர் நிர்ணயத்துக்கு அடிப்படையாகக் காட்டப்படும் மற்றோர் ஆவணம் 29.12.1997 நாளிட்ட பள்ளிக் கல்வித் துறை அரசாணை எண் 525. உங்கள் ஆணையின் "பார்வை" பகுதியில் எந்த அரசாணைகளைக் குறிப்பிட்டிருக்கிறார்கள் என்று பார்த்து, ஒவ்வொன்றையும் முழுமையாகப் படியுங்கள்.

தொடக்கப் பள்ளியில் 60 பிள்ளைகள் என்றால் இரண்டு பேர், 61 என்றால் மூன்று பேர். ஒரு குழந்தையின் பெயர் விடுபட்டால் ஓர் ஆசிரியர் உபரியாகிறார். ஆகவே ஆகஸ்ட் 1 அன்று பெயர் இருந்த ஒவ்வொரு மாணவரையும் வருகைப் பதிவேட்டிலும் சேர்க்கைப் பதிவேட்டிலும் எமிஸ் பட்டியலிலும் ஒப்பிட்டு, மூன்றும் எங்கே முரண்படுகின்றன என்று குறித்துக்கொள்ளுங்கள்.

என் பள்ளியின் பணியாளர் நிர்ணயப் படிவம் ஒரு நீளத் தாள். இடப்பக்கம் வகுப்பு, பிரிவு, மாணவர் எண்ணிக்கை. வலப்பக்கம் அனுமதிக்கப்பட்ட பணியிடம், தகுதியுள்ள பணியிடம், உபரி, தேவை என்று நான்கு பத்திகள். எட்டாம் வகுப்பில் தமிழ்வழிப் பிரிவும் ஆங்கிலவழிப் பிரிவும் இருந்தன; படிவத்தில் எட்டாம் வகுப்புக்கு ஒரே வரிதான் இருந்தது. ஆங்கிலவழிப் பிள்ளைகளின் எண்ணிக்கை அதில் சேரவே இல்லை. கடைசிப் பத்தியில் "உபரி 1" என்று இருந்ததன் முழுக் காரணமும் அந்த விடுபட்ட வரிதான். வருகைப் பதிவேட்டின் நகல் கையில் இல்லாமல் போயிருந்தால், அதை எந்த நீதிமன்றத்திலும் என்னால் காட்டியிருக்க முடியாது.

கணக்கு சரியாகவே இருந்தால் அடுத்து முதுநிலையைப் பாருங்கள். அந்தப் பாடத்தில் இளையவர் யார், அவர் எந்த அடிப்படையில் தக்கவைக்கப்பட்டார், அந்த ஆண்டின் பணிநிரவல் நெறிமுறையில் மாற்றுத்திறனாளி போன்றோருக்கு விலக்களிக்கும் பத்தி உண்டா, அது உங்களுக்கோ அவருக்கோ பொருந்துமா என்று எழுதி வையுங்கள்.

5. இல்லாத ஆவணத்துக்குத் தகவல் உரிமை மனு

பள்ளியில் கிடைக்காததைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய். நீதிமன்றக் கட்டண வில்லையாக ஒட்டலாம். பதிலுக்கான கெடு 30 நாள். பதில் வராவிட்டால் அல்லது நிறைவளிக்காவிட்டால் 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதன் பின் 90 நாளுக்குள் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு.

"ஏன் என்னை நீக்கினீர்கள்" என்று கேட்காதீர்கள். அது தகவல் அல்ல என்று திருப்பிவிடுவார்கள். ஆவணத்தின் பெயரைச் சொல்லி நகல் கேளுங்கள்: இன்ன கல்வியாண்டுக்கு இன்ன பள்ளியின் பணியாளர் நிர்ணய ஆணை, அதன் இணைப்புப் படிவம், அதன் அலுவலகக் குறிப்புக் கோப்பு, இன்ன தேதியில் மாவட்டத்தில் இன்ன பாடத்தில் இருந்த காலியிடப் பட்டியல், உபரிப் பணியிடங்களைச் சேர்த்து வைக்கும் இயக்குநரின் பொதுத் தொகுப்புக்கு ஒப்படைக்கப்பட்ட பணியிடங்களின் பட்டியல். காலியிடப் பட்டியல் மிக முக்கியம். பக்கத்து ஒன்றியத்தில் அதே பாடத்தில் இடம் காலியாக இருந்தது என்று அலுவலகத்தின் தாளே சொன்னால், உங்களை உட்கிரகிக்க வழியில்லை என்ற வாதம் நிற்காது.

தகவல் வரும்வரை வழக்கைத் தள்ளிப்போடாதீர்கள். வழக்கு மனு தாக்கலான பிறகு வரும் ஆவணங்களைக் கூடுதல் தட்டச்சுத் தொகுப்பாக, அதாவது மனுவோடு இணைக்கும் ஆவணக் கட்டாக, சேர்க்கலாம்.

6. துறைக்கு ஒரு மனு, ஒரே மனு

நேரே நீதிமன்றம் போனால், துறையிடம் முறையிட்டீர்களா என்ற கேள்வி எழும். ஆகவே நியமன அதிகாரிக்கும் அவருக்கு மேலுள்ளவருக்கும் இரண்டு மூன்று பக்கத்துக்குள் ஒரு கோரிக்கை மனு அனுப்புங்கள். ஐந்து கேள்விகளில் எது உங்களுக்குப் பொருந்துகிறதோ அதை மட்டும் எழுதி, ஆவண நகல்களை இணைத்து, ஒப்புகை கிடைக்கும் வகையில் விரைவு அஞ்சலில் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

உதவி பெறும் பள்ளி ஆசிரியர்கள் இதோடு சட்டப்படியான மேல்முறையீடு உண்டா என்றும் பார்க்க வேண்டும். 1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் சட்டத்தின் 22ஆவது பிரிவு, தகுதியுள்ள அதிகாரியின் முன் ஒப்புதல் இல்லாமல் ஆசிரியரைப் பணியிலிருந்து நீக்க முடியாது என்று பாதுகாப்பு அளித்தது. அதன் இடத்தில் 2018ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், விதிகளோடு 2023இல் நடைமுறைக்கு வந்தது. உங்கள் ஆணையின் தேதியில் எந்தச் சட்டம் நடப்பில் இருந்ததோ அதன்படியே முன் ஒப்புதலும் மேல்முறையீடும் தீர்மானிக்கப்படும். வழக்கறிஞரை முதன்முறை சந்திக்கும்போதே, மேல்முறையீட்டுக் கெடு எந்த நாளோடு முடிகிறது என்று கேட்டுத் தேதியாக எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

மனுமேல் மனுவாக அனுப்பிக்கொண்டிருப்பது பெரிய பொறி. முதலமைச்சரின் தனிப்பிரிவு, ஆட்சியரின் குறைதீர் நாள், அமைச்சர் அலுவலகம் என்று ஒவ்வோரிடத்திலும் கொடுத்து ஆண்டுகள் ஓடிவிடும். அரசு ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவுக்குச் சட்டத்தில் நாள் வரம்பு இல்லை. ஆனால் காரணமில்லாத தாமதமே மனுவைத் தள்ளுபடி செய்யப் போதும். தமிழ்நாட்டிலிருந்தே போன சி. ஜேக்கப் எதிர் புவியியல் மற்றும் சுரங்கத் துறை இயக்குநர் வழக்கில், செத்துப்போன கோரிக்கைக்குப் புதிய மனு உயிர் கொடுக்காது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஒரு மனு கொடுங்கள். நியாயமான அவகாசம், சில வாரங்கள், காத்திருங்கள். பிறகு வழக்குக்குப் போங்கள். விடுவிப்பு ஆணை வர இருக்கிறது என்றால் அந்தச் சில வாரங்கள்கூடக் காத்திருக்க வேண்டாம். பணியில் இருக்கும்போது கிடைக்கும் தடையாணைக்கும், விடுவித்த பிறகு கேட்கும் தடையாணைக்கும் பெரிய வேறுபாடு உண்டு. விடுவித்த பிறகு, நிறுத்துவதற்கு எதுவும் மிச்சமில்லை என்று சொல்லிவிடுவார்கள்.

7. எந்த வாசலுக்குப் போக வேண்டும்

தமிழ்நாடு அரசுப் பள்ளி, உதவி பெறும் பள்ளி ஆசிரியர்கள் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்படி சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்ய வேண்டும். மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லை. தஞ்சாவூர், திருச்சி, புதுக்கோட்டை முதல் கன்னியாகுமரி வரையிலான மாவட்டங்களுக்கு, 2004 ஜூலை 24 முதல் இயங்கும் மதுரைக் கிளை. திருவாரூர், நாகப்பட்டினம் உள்ளிட்ட மற்றவற்றுக்குச் சென்னை.

கேந்திரிய வித்யாலயா, நவோதயா பள்ளி ஆசிரியர்களும் புதுச்சேரி அரசு ஆசிரியர்களும் முதலில் போக வேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அங்கே கெடு கண்டிப்பானது: இறுதி ஆணையிலிருந்து ஓராண்டு. விண்ணப்பக் கட்டணம் 50 ரூபாய்.

தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகாதீர்கள். ஆசிரியர் அப்போதிருந்த தொழில் தகராறுச் சட்டத்தின்படி "தொழிலாளர்" ஆகமாட்டார் என்று கோவாவைச் சேர்ந்த ஆசிரியை சுந்தராம்பாள் வழக்கில் 1988லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது. இதை அறியாமல் அங்கே சென்று காலத்தை இழப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். உரிமையியல் நீதிமன்றமும் இதற்கு ஏற்ற இடமல்ல. அரசின் மீது வழக்குப் போட இரண்டு மாத முன்னறிவிப்பு வேறு தேவைப்படும். ரிட் மனுவுக்கு அந்த முன்னறிவிப்பு வேண்டியதில்லை.

8. மனுவில் என்ன இருக்க வேண்டும்

மனுவோடு போவது உங்கள் பிரமாணப் பத்திரம். அது ஆங்கிலத்தில் தயாரானால் வரிவரியாகத் தமிழில் விளக்கச் சொல்லிக் கேட்டு, தேதிகளை நீங்களே சரிபார்த்த பிறகே கையொப்பமிடுங்கள். அதிலுள்ள ஒவ்வொரு செய்திக்கும் தட்டச்சுத் தொகுப்பில் ஒரு பக்க எண் இருக்க வேண்டும்.

எதிர்மனுதாரர் பட்டியலைக் கவனியுங்கள். பள்ளிக் கல்வித் துறைச் செயலாளர், உரிய இயக்குநர், முதன்மைக் கல்வி அலுவலர், மாவட்டக் கல்வி அலுவலர், உதவி பெறும் பள்ளியாயின் பள்ளிச் செயலர் ஆகியோர் இருக்க வேண்டும். உங்களைவிட இளையவர் தக்கவைக்கப்பட்டார் என்பது உங்கள் வாதமானால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தே ஆக வேண்டும். கூட வேலை பார்த்தவர் மீது வழக்கா என்று மனம் தயங்கும். ஆனால் அவரைக் கேட்காமல் அவருக்குப் பாதகமான தீர்ப்பை நீதிமன்றம் தராது. அவரிடம் முன்கூட்டியே நேரில் சொல்லிவிடுவது நல்லது.

கோரிக்கைப் பகுதியில் நீக்க ஆணையை மட்டும் எதிர்த்தால் போதாது. அதற்கு அடிப்படையான பணியாளர் நிர்ணய ஆணையையும் சேர்த்து எதிர்க்க வேண்டும். வேர் அப்படியே நின்றால், நீக்க ஆணை ரத்தானாலும் பணியிடம் திரும்பாது. ஆணையை ரத்து செய்வதோடு மீண்டும் பணியமர்த்தல், பணித்தொடர்ச்சி, நிலுவை ஊதியம் மூன்றையும் தனித்தனியே கேளுங்கள். இடைப்பட்ட காலத்தில் வேறு வேலையில் ஊதியம் பெறவில்லை என்பது உண்மையானால் அதைப் பிரமாணப் பத்திரத்தில் எழுதுங்கள். மகாராஷ்டிர ஆசிரியை தீபாலி குண்டு சுர்வாசே வழக்கில் 2013இல் வந்த தீர்ப்பின்படி, அப்படி எழுதிவிட்டால் அதை மறுத்து நிரூபிக்கும் பொறுப்பு நிர்வாகத்துக்குப் போகிறது. வேறு வேலை பார்த்திருந்தால் மறைக்காதீர்கள்.

ஆணையில் சொல்லப்பட்ட காரணத்தை அடிக்கோடிட்டு வையுங்கள். பின்னால் எதிர்த் தரப்பு தாக்கல் செய்யும் பதிலுரையில் புதுக் காரணங்களைச் சேர்த்து ஆணையைக் காப்பாற்ற முடியாது என்பது 1978ஆம் ஆண்டின் மொகிந்தர் சிங் கில் தீர்ப்பு. மாணவர் குறைவு என்று ஆணையில் எழுதிவிட்டு, தகுதியில்லை என்று பதிலுரையில் சொன்னால் அங்கேயே பிடியுங்கள்.

9. செலவு

நீதிமன்றக் கட்டணம் சிறிய தொகை. பெருஞ்செலவு வழக்கறிஞர் கட்டணமும் தட்டச்சு, நகல், பயணச் செலவுகளும். பேசும்போதே தாக்கலுக்கு எவ்வளவு, இடைக்கால உத்தரவுக்கு எவ்வளவு, இறுதி விசாரணைக்கு எவ்வளவு, அரசு மேல்முறையீடு செய்தால் எவ்வளவு என்று பிரித்துக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். "எல்லாம் சேர்த்து" என்று பேசிய தொகை பாதி வழியில் கூடும்.

பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. 1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆவது பிரிவு அந்த உரிமையைத் தருகிறது. மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணில் அழைத்தும் வழி கேட்கலாம். நீக்கப்பட்டவர்களில் பெண் ஆசிரியர்கள் எத்தனையோ பேர். இது தெரியாமல் நகையை அடகு வைக்கிறார்கள்.

ஒரே பள்ளியில் அல்லது ஒரே ஆணையில் பலர் பாதிக்கப்பட்டிருந்தால் செலவைப் பகிரலாம். ஆனால் நியமனத் தேதியும் பாடமும் வேறுபடும்போது தனித்தனி மனுவே பாதுகாப்பு. ஒருவருடைய ஓட்டை எல்லோரையும் மூழ்கடிக்கும்.

10. தாக்கலுக்குப் பிறகு

மனு கொடுத்ததும் கிடைப்பது பதிவுக்கு முந்தைய எண்தான். குறைகள் இருந்தால் மனுவைத் திருப்புவார்கள். சரிசெய்து மீண்டும் கொடுத்த பிறகே வழக்கு எண் விழும். மனு திரும்பி வந்து வழக்கறிஞர் அலுவலகத்தில் உறங்குவது அடிக்கடி நடக்கிறது. எண் விழுந்ததா என்று வாரந்தோறும் கேளுங்கள். வந்ததும் இ-கோர்ட்ஸ் செயலியில் பதிந்து, பட்டியலில் வரும் நாளை நீங்களே பாருங்கள்.

முதல் விசாரணையிலேயே, மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து ஆணை பிறப்பிக்க வேண்டும் என்று சொல்லி வழக்கு முடிக்கப்படலாம். வென்றுவிட்டதாக இனிப்பு கொடுக்கும் ஆசிரியர்கள் உண்டு. அது வெற்றி அல்ல; துறை பரிசீலித்து மறுக்கலாம், பிறகு அந்த மறுப்பை எதிர்த்து இன்னொரு ரிட் போட வேண்டிவரும். ஆவணங்கள் வலுவாக இருந்தால், ஆணையின் செல்லுபடியை இங்கேயே முடிவு செய்ய வேண்டும் என்று வலியுறுத்தும்படி வழக்கறிஞரிடம் முன்பே சொல்லிவிடுங்கள்.

எதிர்த் தரப்பின் பதிலுரை வந்ததும் நகல் வாங்கி, பத்திபத்தியாக உங்கள் மறுப்பைத் தமிழில் எழுதிக் கொடுங்கள். எண்ணிக்கை சார்ந்த பொய்யை உங்களால் மட்டுமே கண்டுபிடிக்க முடியும். இறுதித் தீர்ப்புக்கு ஆண்டுகள் ஆகலாம் என்று வீட்டாரிடம் தொடக்கத்திலேயே சொல்லி, அதற்கேற்ப வருமான ஏற்பாடு செய்துகொள்வது அவசியம்.

11. தீர்ப்பு சாதகமாக வந்தால்

அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள். கிடைத்ததும் உறைக் கடிதத்தோடு எல்லா எதிர்மனுதாரர்களுக்கும் ஒப்புகையுடன் அனுப்பி, பணியேற்க ஆயத்தம் என்று எழுதுங்கள். அதே உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்ய 30 நாள் கெடு. அரசு அதைத் தாண்டியும் தாமத மன்னிப்பு மனுவோடு வருவது வழக்கம். ஆகவே கேவியட் என்னும் முன்னெச்சரிக்கை மனுவைத் தாக்கல் செய்து வைத்தால், உங்களைக் கேட்காமல் தடையாணை பிறப்பிக்கப்படும் அபாயம் குறையும். அது 90 நாள் வரை செல்லும், தேவைப்பட்டால் புதுப்பிக்க வேண்டும்.

தீர்ப்பில் சொன்ன கெடு முடிந்தும் நிறைவேற்றாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதற்கு ஓராண்டு வரம்பு உண்டு. "கோப்பு நகர்கிறது" என்ற பதிலை நம்பி அந்த ஓராண்டைக் கடத்திவிடாதீர்கள்.

பணியேற்ற பிறகு பணிப்பதிவேட்டில் தீர்ப்பின் எண்ணும் நாளும் குறிக்கப்பட்டனவா, விடுபட்ட காலம் பணிக்காலமாகப் பதியப்பட்டதா, ஆண்டு ஊதிய உயர்வுகள் சேர்க்கப்பட்டனவா என்று பாருங்கள். 01.04.2003க்கு முன் பணியில் சேர்ந்தவர்கள், இடைவெளி காரணமாகப் புதிய நியமனம் என்று பதியப்படவில்லை என்பதைக் கட்டாயம் உறுதி செய்ய வேண்டும். பழைய ஓய்வூதியத் திட்டம் பொருந்துமா என்பது அந்த ஒரு பதிவைப் பொறுத்தது. பதிவு தவறாக இருந்தால், அந்தப் பக்கத்தின் நகலோடு அந்த மாதமே திருத்தக் கோரி எழுதுங்கள்.